பொன் பாதையும் கோப்பிப் பாதையும்: பெண்கள் கண்ட கைக்காசு

1848 ஆம் ஆண்டு ஜனவரி 24 ஆம் திகதி, அமெரிக்காவின் மேற்குக் கரையிலுள்ள கலிபோர்னியாவில், கொலோமா என்னுமிடத்தில், மரம் அறுக்கும் ஆலையொன்றின் நீர்க்காலிலே ஜேம்ஸ் மார்ஷல் என்பவரின் கண்ணில் பொன் துணுக்குகள் சில பட்டன. செய்தி பரவியதும் உழவையும் தொழிலையும் கைவிட்டு இலட்சக்கணக்கானோர் அங்கே விரைந்தனர். வரலாறு இதனைப் பொன் வேட்டை என்கிறது.

அதே 1848 ஆம் ஆண்டு ஜூலை 26 ஆம் திகதி, எங்கள் தம்புள்ளை விகாரையிலே கொங்காலேகொட பண்டா மன்னராக முடிசூட்டப்பட்டார். அடுத்த சில நாட்களுக்குள் மாத்தளை நகரின் அரச கட்டடங்கள் தாக்கப்பட்டன. இராணுவச் சட்டம் வந்தது. ஆகஸ்ட் 8 ஆம் திகதி புரன் அப்பு கண்டியிலே சுட்டுக் கொல்லப்பட்டார். நாய் வரி, துப்பாக்கி வரி, கடை வரி என்பன அக்கிளர்ச்சியின் உடனடிக் காரணங்கள். அந்த வரிகளுக்குப் பின்னால் நின்றது கோப்பி.

இரு நிகழ்ச்சிகளுக்குமிடையே பெருங்கடல்கள் கிடக்கின்றன. ஆயினும் இரண்டும் ஒரே காலத்தின் பிள்ளைகள். 1835 இல் இலங்கைக் கோப்பிக்கும் மேற்கிந்தியத் தீவுகளின் கோப்பிக்கும் பிரித்தானியாவிலே சமமான தீர்வை விதிக்கப்பட்டது. அத்தீவுகளில் அடிமை முறை ஒழிக்கப்பட்டதனால் அங்கே விளைச்சல் குன்றத் தொடங்கியிருந்தது. அந்த இடத்தைப் பிடிக்க இலங்கை முந்தியது. 1840 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கச் சட்டம், உறுதி காட்ட முடியாத காடுகளையும் சேனை நிலங்களையும் முடிக்குரியனவாகக் கொள்ள வழி செய்தது. ஏக்கர் ஒன்று 5 ஷில்லிங் வீதம் காணிகள் கைமாறின. தேசாதிபதி, நீதிபதிகள், படை அதிகாரிகள், மதகுருமார் என வாங்காதவர் இல்லை என்னுமளவுக்கு ஆசை பரவியது. அக்காலத்தில் இங்கு குடியேற்ற நாட்டுச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட், 1859 இல் வெளியிட்ட தமது நூலிலே, இதனைக் கலிபோர்னிய, அவுஸ்திரேலியப் பொன் வேட்டைகளோடு ஒப்பிட்டார். அங்கே போனவர்கள் மண்ணிலிருந்து செல்வம் எடுக்க முயன்றார்கள், இங்கே வந்தவர்களோ கொண்டு வந்ததையும் மண்ணிலே தொலைத்தார்கள் என்ற பொருளில் அவர் கேலியும் செய்தார். 1847 இல் கோப்பி விலை சரிந்தபோது அந்தக் கேலி பலருக்கு மெய்யாயிற்று.

ஆகவே கோப்பி வேட்டையை எங்கள் நாட்டின் பொன் வேட்டை எனக் கொள்வதில் தவறில்லை. இவ்வேட்டைகளைப் பற்றிப் பேசுவோர் துரைமாரையும் சுரங்கக்காரரையும் பற்றியே பேசுகிறார்கள். பெண்கள் அங்கே என்ன வேலை செய்தார்கள்? அந்த வேலைக்கு என்ன விலை கிடைத்தது? அந்தக் காசு யார் கைக்குப் போயிற்று? இந்த மூன்று கேள்விகளை இன்று கேட்டுப் பார்ப்போம்.

முதலில் பொன் நாட்டுக்குப் போவோம். 1850 ஆம் ஆண்டின் குடிசன மதிப்பின்படி கலிபோர்னியாவில் நூறு பேரில் பெண்கள் எட்டுப் பேருக்கும் குறைவு. சுரங்க முகாம்களிலோ அதனிலும் அரிது. ஆண்கள் பொன்னைக் கழுவத் தெரிந்தவர்கள். சட்டையைக் கழுவவும் ரொட்டி சுடவும் தெரியாதவர்கள். சட்டைப்பையிலே பொன் தூள் இருந்தது, வயிற்றிலே பசி இருந்தது. இவ்விரண்டுக்குமிடையே பெண்களின் வியாபாரம் பிறந்தது.

லூசினா ஸ்ரான்லி வில்சன் என்பவர் கணவனோடும் இரு சிறு மைந்தர்களோடும் வண்டியிலே கண்டத்தைக் கடந்து 1849 இல் கலிபோர்னியாவை அடைந்தார். அவர் அடுப்பு மூட்டி ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தபோது ஒரு சுரங்கக்காரர் வந்து அந்த ரொட்டிக்கு 5 டொலர் தருவதாகச் சொன்னார். திகைத்துப்போன லூசினா பேசாமல் நின்றார். விலை போதவில்லையோ என்று எண்ணிய அந்த மனிதர் 10 டொலராக உயர்த்தினார். அதன்பின் நெவாடா சிற்றி என்னும் முகாமிலே, கணவன் கூரைக்குக் கிளை வெட்டப் போயிருந்த நேரத்தில், லூசினா பலகை வாங்கி, முளை அடித்து, தம் கையாலேயே ஒரு மேசையை அமைத்தார். அன்று இரவே இருபது பேர் அதில் அமர்ந்து உண்டனர். எழும்போது ஒவ்வொருவரும் அவரது கையிலே ஒரு டொலரை வைத்தனர். அது பின்னர் ‘எல் டொராடோ’ என்ற பெயரில் விடுதியாயிற்று. கிழமைக்கு 25 டொலர் கொடுத்து 75 பேர் முதல் 200 பேர் வரை அங்கே உண்டார்கள். சில கிழமைகள் சென்றபின் கணவனையும் பங்காளியாகச் சேர்த்துக்கொண்டதாக லூசினா தமது நினைவுக் குறிப்பிலே சொல்கிறார். கணவனைப் ‘பங்காளியாகச் சேர்த்தார்’ என்ற சொல்லை நேயர்கள் கவனிக்க வேண்டும். ஏறத்தாழ ஒன்றரை ஆண்டிலே தீ எல்லாவற்றையும் விழுங்கியது. அவர் மீண்டும் வேறிடத்தில் அடுப்பு மூட்டினார்.

ஐம்பது ஆண்டுகள் சென்று, கனடாவின் வடமேற்கு மூலையிலே குளொண்டைக் என்ற ஆற்றுப் பகுதியில் 1896 ஆகஸ்டில் பொன் கிடைத்தபோது இதே கதை பனியிலே நடந்தது. அயர்லாந்திலே பிறந்த பெலிண்டா மல்ரூனி 1897 இல் டோசன் நகருக்குப் போகும்போது துணியும் வெந்நீர்ப் பைகளும் கொண்டுபோனார். குளிர் நாட்டிலே அவற்றுக்குப் பன்மடங்கு விலை கிடைத்தது. அந்த முதலைக் கொண்டு உணவுச்சாலை, பின்னர் இரு ஓடைகள் கூடுமிடத்திலே ஒரு விடுதி, 1898 ஜூலையில் டோசனிலே ‘பெயார்வியூ’ என்ற பெரிய ஹோட்டல் என அவர் வளர்ந்தார். தம் விடுதியின் தரையைக் கூட்டிய குப்பையைக்கூட அவர் கழுவிப் பார்த்தாராம். குடிக்க வந்தவர்களின் சட்டையிலிருந்து சிந்திய பொன் தூள் அதிலே இருந்தது! ஸ்காக்வே துறைமுகத்திலே ஹரியட் புலன் என்ற தாய், உலர்ந்த அப்பிள் பழத்தைக் கொண்டு பணியாரம் செய்து விற்றார். பின்னர் குதிரைகளைக் கொண்டு மலைக்கணவாயிலே சுமை ஏற்றி, முடிவில் ஹோட்டல் உரிமையாளரானார். சான்பிரான்சிஸ்கோவிலே மேரி எலன் பிளசன்ற் என்ற கறுப்பினப் பெண் விடுதிகள் நடத்திச் செல்வம் சேர்த்ததோடு, தம்மை ஏற்ற மறுத்த டிராம் வண்டிக் கம்பனிக்கு எதிராக வழக்கும் தொடுத்தார்.

இக்கதைகளில் மயங்கி, பொன் நாடு பெண்களுக்குப் பொன்னுலகமாக இருந்தது என முடிவு கட்டிவிடக் கூடாது. குளொண்டைக் பொன்னைக் கண்டெடுத்த கூட்டத்திலே ஷா த்லா என்ற பெண்ணும் இருந்தார். அந்நாட்டின் தொல்குடிகளுள் ஒன்றான தாகிஷ் குலத்தவர். வெள்ளையர் அவரைக் கேற் கார்மக் என அழைத்தனர். பொன் கிடைக்குமுன் தோலிலே கையுறையும் காலணியும் தைத்து விற்றும், காட்டுப் பழம் பறித்தும், முயலுக்குக் கண்ணி வைத்தும் கணவனைக் காத்தவர் அவரே. பொன் கிடைத்தபின் கணவன் அவரைக் கைவிட்டு வேறொருத்தியை மணந்தார். ஷா த்லா 1920 இல் தமது ஊரிலே மறைந்தார். வெகுகாலத்தின் பின்னரே கனடாவின் சுரங்கத் துறைப் புகழ்மண்டபத்திலே அவரது பெயர் சேர்க்கப்பட்டது. கலிபோர்னியாவின் தொல்குடியினரோ 1848 இல் ஏறத்தாழ 1,50,000 பேராக இருந்து, 1870 அளவில் ஏறத்தாழ 30,000 பேராகக் குறைந்தனர். வந்தேறிய பெண்ணின் அடுப்பு எரிந்த மண்ணிலேதான் வாழ்ந்திருந்த பெண்ணின் அடுப்பு அணைந்தது.

இனி எங்கள் பாதைக்கு வருவோம்.

இன்று கண்டியிலிருந்து யாழ்ப்பாணம் போகும் ஏ-9 வீதியிலே, மாத்தளைக்கும் தம்புள்ளைக்கும் இடையில் நாவுல இருக்கிறது. பேருந்தில் கண்ணயர்ந்தால் ஊர் கடந்துபோகும். ஆனால் கோப்பிக் காலத்திலே இவ்வழி கண்ணயரக் கூடாத வழி. இராமேஸ்வரக் கரையிலிருந்து தோணியேறித் தலைமன்னாரிலோ அரிப்பிலோ இறங்கிய தமிழ்த் தொழிலாளர், மதவாச்சி, மிகிந்தலை, தம்புள்ளை, நாலந்தா என்று காட்டு வழியே ஏறத்தாழ 150 மைல் நடந்து மாத்தளையை அடைந்தார்கள். திருச்சி, தஞ்சை, மதுரை, இராமநாதபுரம், திருநெல்வேலி, புதுக்கோட்டைச் சீமைகளின் வரட்சி அவர்களைப் பின்னாலிருந்து தள்ளியது. வாந்திபேதியும் அம்மையும் காய்ச்சலும் வழியிலே காத்திருந்தன. 1840 களில் மாத்திரம் 70,000 பேர் மாண்டதாக ‘கொழும்பு ஒப்சேவர்’ பத்திரிகை 1849 இல் மதிப்பிட்டது. அத்தொகையைப் பற்றி வரலாற்றாசிரியரிடையே வாதம் உண்டு. பாதையோரத்திலே பிணங்கள் கிடந்தன என்பதில் வாதமில்லை.

குளொண்டைக் போகும் கணவாயிலே கனடாப் பொலிஸார் நின்று, ஓராண்டுக்குப் போதிய உணவு கொண்டுவராதவரைத் திருப்பி அனுப்பினார்கள். எங்கள் பாதையில் அவ்வாறு கேட்பார் எவருமிருக்கவில்லை. பாதையோரத்திலே தங்குமடமும் கிணறும் அமைக்கும் முயற்சிகள் பிந்தியே வந்தன. நாலந்தாவிலே பல்லவர் பாணியில் அமைந்த கெடிகே என்ற கற்கோயில் ஒன்று உண்டு. போவதென்ன நீர்த்தேக்கத்தின் பொருட்டு அதன் கற்களைப் பிரித்து உயர்ந்த இடத்திலே மீண்டும் பொருத்தினார்கள். 1980 இல் அப்பணி நிறைவுற்றது. அந்தக் கற்களைக் கணக்கெடுத்துக் காத்தோம், நல்லதுதான். அதே வழியிலே நடந்து மாண்டவர்களுக்கு அன்று எவரும் கல் நாட்டவில்லை.

இந்த வழியிலே பெண்கள் எத்தனை பேர் நடந்தார்கள்? 1844 ஆம் ஆண்டின் கணக்கு நமக்குக் கிடைக்கிறது. அவ்வாண்டு வந்தவர்கள் 76,745 பேர். அவர்களுள் ஆண்கள் 74,840, பெண்கள் 1,181, பிள்ளைகள் 724. ஆயிரம் பேர் வந்தால் அதிலே பெண்கள் பதினைந்து. பொன் வேட்டைக் கலிபோர்னியாவில் இருந்ததைவிட எங்கள் பாதையிலே பெண்கள் அருமை!

இதற்குக் காரணங்கள் உண்டு. அக்காலக் கோப்பி வேலை பருவ வேலை. பழம் பறிக்கும் காலத்துக்கு வந்து, முடிந்ததும் ஊர் திரும்பினார்கள். மொரிசியஸ், பிஜி போன்ற நாடுகளுக்கு ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிய கப்பல்களுக்கு, நூறு ஆண்களுக்கு நாற்பது பெண்கள் என்ற விதி பின்னர் வந்தது. கங்காணியின் பின்னால் நடந்துவந்த இலங்கைப் பயணத்துக்கு அவ்விதியும் இல்லை.

தமிழ் படித்தவர்களுக்கு இங்கே இன்னொன்று நினைவுக்கு வரும். கடல் கடந்து செல்லும் பிரிவிலே பெண்ணை உடன்கொண்டு போவதில்லை என்பது தொல்காப்பியம் காட்டும் மரபு. பொருள்வயிற் பிரிவு என்று அகத்திணை அதற்கு ஓர் இடமும் வகுத்திருக்கிறது. தலைவன் பாலை வழியே போவான். தலைவி மெலிந்து காத்திருப்பாள். இலக்கியத் தலைவி காத்திருந்தாள். ஆனால் இராமநாதபுரத்துக் குடியானவனின் மனைவிக்குக் காத்திருக்க நேரமேது? நாற்று நட்டவள் அவள். கடனுக்கு வட்டி கேட்டு வந்தவனுக்குப் பதில் சொன்னவள் அவள். பிள்ளையையும் மாமியாரையும் காத்தவள் அவள். அவள் அங்கே குடும்பத்தைத் தாங்கியதனாலேயே, துரைமார் இங்கே ஓர் ஒற்றை ஆளின் வயிற்றுக்கு மட்டும் சம்பளம் கொடுத்துத் தப்ப முடிந்தது. கோப்பித் தோட்டத்தின் கணக்குப் புத்தகத்திலே எழுதப்படாத முதலீடு அது.

சரி, வந்த 1,181 பேரும் என்ன ஆனார்கள்? அருமையான பொருளுக்கு விலை அதிகம் என்பது சந்தையின் விதி. அந்த விதிப்படி பார்த்தால், எழுபத்தையாயிரம் ஆண்களுக்கு நடுவே சோறு ஆக்கத் தெரிந்த ஆயிரம் பெண்கள் லூசினாவைப் போலச் செல்வம் கண்டிருக்க வேண்டும். அவ்வாறு நடக்கவில்லை. கைத்திறன் குறைவென்று எவரும் சொல்ல முடியாது. காரணம் தோட்டத்தின் அமைப்பிலே இருந்தது.

முதலாவது, காசு. பொன் முகாமிலே மனிதனின் பையில் பொன் தூள் இருந்தது, உண்டதும் கொடுத்தான். கோப்பித் தோட்டத்திலே சம்பளம் மாதக்கணக்கில் நிலுவையாக நின்றது. காசு புழங்காத இடத்திலே கடை வைப்பது எப்படி?

இரண்டாவது, அரிசி. தோட்டத் தொழிலாளி உண்ட அரிசி இந்தியாவிலிருந்து வந்தது. தோட்டமே அதை அளந்து கொடுத்தது. விலையைச் சம்பளத்திலே கழித்தது. உணவின் விலையை நிர்ணயிக்கும் உரிமை பானையின் பக்கத்திலே நின்ற பெண்ணுக்கு இல்லை. களஞ்சியத்தின் திறப்பை வைத்திருந்தவனுக்கு இருந்தது.

மூன்றாவது, கடன். ஊரிலே வாங்கிய முற்பணமும் வழிச் செலவும் கங்காணியின் கணக்கிலே ஏறியிருந்தன. தொழிலாளி ஒருவர் தோட்டம் மாறவேண்டுமானால் கடன் தொகை எழுதிய ‘துண்டு’ வேண்டும். அந்தக் கடனைப் புதுத் தோட்டம் ஏற்க வேண்டும். தன் கூட்டத்து ஆட்கள் வேலைக்கு இறங்கும் நாளுக்கெல்லாம் கங்காணிக்குத் தலைக்காசு கிடைத்தது. லூசினாவின் விடுதி எரிந்தபோது அவரால் அடுத்த ஊருக்குப் போக முடிந்தது. எங்கள் பெண்ணால் அடுத்த தோட்டத்துக்குக்கூடத் தன் விருப்பப்படி போக முடியவில்லை.

ஒரே அடுப்பு, ஒரே கை, ஒரே உழைப்புத்தான். தன் உழைப்புக்குத் தானே விலை சொல்லும் உரிமை ஓரிடத்தில் இருந்தது. மற்ற இடத்தில் இல்லை. ‘பெண்களின் தொழில் முயற்சி’ என்று இன்று பெரிதாகப் பேசுகிறோம். முயற்சிக்கு முன்னால் இந்த உரிமை வேண்டும் என்பதே இரு பாதைகளையும் ஒப்பிடும்போது நாம் கற்கும் பாடம்.

கோப்பிப் பொருளாதாரத்திலே பெண்களின் கை வேறு இடங்களிலும் இருந்தது. கண்டிக் கிராமங்களின் வீட்டுத் தோட்டங்களிலே கோப்பி விளைந்தது. ஏற்றுமதியிலே குடியானவர் கோப்பிக்கும் கணிசமான பங்கு இருந்தது. வீட்டு முற்றத்திலே அதைப் பறித்து உலர்த்தும் வேலையிலே அவ்வீட்டுப் பெண்களும் இருந்தார்கள். கொழும்புப் பண்டகசாலைகளிலே, கப்பலேறுமுன் கோப்பிக் கொட்டையைத் தரம் பிரிக்கும் வேலையும் பெண்களுடையது. தோட்டங்களிலும் ஆண்டுகள் செல்லச் செல்லக் குடும்பங்கள் தங்கத் தொடங்கின. பழம் பறிக்கவும் களை எடுக்கவும் பெண்கள் இறங்கினர்.

1869 ஆம் ஆண்டிலே இரண்டு காரியங்கள் நடந்தன. ஆபிரகாம் ஜோசப் என்பவர் இயற்றிய ‘கோப்பிக் கிருஷிக் கும்மி’ அச்சேறியது. அதே ஆண்டு மடுல்சீமையிலே கோப்பி இலையிலே மஞ்சட் புள்ளி விழும் நோய் கண்டுபிடிக்கப்பட்டது. கும்மி என்பது பெண்கள் கைகொட்டி வட்டமாக ஆடும் பாட்டு. அந்த வடிவத்தை எடுத்துக் கோப்பி வேளாண்மையைப் பாடினார் அவர். தோட்டத்துத் தமிழின் முதல் அச்சு நூல்களுள் ஒன்று பெண்களின் ஆட்ட வடிவிலே பிறந்தது. அதனைப் பெண்ணொருத்தி பாடியிருந்தால் என்ன பாடியிருப்பாள் என்ற கேள்வி எனக்கு எப்போதும் உண்டு. அதற்கான விடையை நாட்டார் பாடல்களிலே தேடவேண்டும். சி. வி. வேலுப்பிள்ளை அவற்றைத் தொகுத்து எங்களுக்குத் தந்திருக்கிறார். எழுதப் படிக்கத் தெரியாத பெண்களின் தாலாட்டும் ஒப்பாரியும் எங்களுக்கு ஆவணம்.

இலை நோய் கோப்பியை அழித்தது, தேயிலை வந்தது. கோப்பிப் பழத்துக்குப் பருவம் உண்டு, கொழுந்துக்குப் பருவமில்லை. ஆண்டு முழுவதும் பறிக்கவேண்டும். ஆகவே ஆயிரத்தில் பதினைந்தாக இருந்த பெண்கள் தேயிலை மலைகளிலே தொழிலின் அச்சாணியானார்கள். ஆனால் விலை? 1929 இல் நடைமுறைக்கு வந்த குறைந்தபட்சச் சம்பளத்தின்படி மலைநாட்டிலே ஆணுக்கு நாளொன்றுக்கு 54 சதம். பெண்ணுக்கு 43 சதம். தோட்டத்துப் பெண்களுக்குச் சமசம்பளம் 1984 இலேதான் கிடைத்தது. அந்தச் சம்பளத்தையும் தகப்பனோ கணவனோ மேசையிலே போய் வாங்கிவரும் வழக்கம் பல தோட்டங்களில் நெடுங்காலம் நீடித்தது.

அதனாலேயே தோட்டத்துப் பேச்சிலே வழங்கும் ஒரு சொல் எனக்கு மிகவும் பிடிக்கும்: ‘கைக்காசு’. ஞாயிற்றுக்கிழமை போன்ற நாட்களில் செய்யும் வேலைக்கு அன்றன்றே கையில் வரும் காசு அது. மாதச் சம்பளத்திலே அரிசியும் மாவும் கடனும் கழியும். கைக்காசிலே கழிவில்லை. அதையும், லயத்துக்குப் பின்னால் போட்ட மரக்கறிப் பாத்தியையும், பட்டியிலே கட்டிய ஒரு பசுவையும், அயல் வீட்டாரோடு சேர்ந்து பிடித்த சீட்டையும் கொண்டு எத்தனையோ தாய்மார் பிள்ளைகளுக்குப் புத்தகம் வாங்கினார்கள். பெண் பிள்ளைக்குத் தோடு செய்தார்கள். இன்று மாத்தளை மாவட்டத்துப் பாடசாலைகளிலே கற்பிக்கும் தோட்டத்து ஆசிரியர்கள் பலரின் கல்விக்குப் பின்னால் அந்தக் காசு இருக்கிறது. விலை சொல்லும் உரிமை கிடைத்த சிறு இடுக்கிலே எங்கள் பெண்களும் லூசினாக்களாகவே இருந்தார்கள். அந்த இடுக்கு மிகச் சிறிதாயிருந்தது என்பதே குறை.

2023 ஆம் ஆண்டு, மலையக மக்கள் வந்து இருநூறு ஆண்டுகள் நிறைவுற்றதை நினைந்து, ஜூலை 28 ஆம் திகதி தலைமன்னாரிலிருந்து ஒரு நடைபயணம் புறப்பட்டது. பழைய வழியை ஒட்டி நடந்து ஆகஸ்ட் 12 ஆம் திகதி அது மாத்தளையை அடைந்தது. அதிலே ஆண்களோடு பெண்களும் நடந்தார்கள். 1844 இன் பட்டியலிலே வெறும் தொகையாக நின்ற 1,181 பேருக்குச் செய்த மரியாதையாகவும் அதனைக் கொள்ளலாம்.

லூசினாவின் கதை நமக்குத் தெரியக் காரணம், 1881 இல் அவர் சொல்லச் சொல்ல அவரது மகள் எழுதி வைத்தமையே. வகுப்பறையிலே நான் பிள்ளைகளிடம் கேட்பதுண்டு: “உங்கள் பாட்டியின் தாயாருக்கு என்ன பெயர்? அவர் எந்தத் தோட்டத்தில் பேர் பதிந்தார்?” பெரும்பாலும் பதில் வருவதில்லை. கங்காணியின் பெயர் தெரிந்திருக்கும். துரையின் பெயராலே தோட்டமே அழைக்கப்படும். நேயர்களே, உங்கள் வீட்டிலே வயது முதிர்ந்த தாய் ஒருவர் இருப்பாரானால், இன்றிரவு ஒரு கொப்பியையும் பேனாவையும் எடுத்துக்கொண்டு அவருக்குப் பக்கத்திலே அமருங்கள். அவரது தாயின் பெயரை முதலில் கேளுங்கள். அவர் முதன்முதல் தம் கையிலே வாங்கிய காசு எவ்வளவு என்பதை அடுத்துக் கேளுங்கள். அதைக் கொண்டு என்ன வாங்கினார் என்பதையும் கேட்டு எழுதி வையுங்கள்.